பச்சைக்கொடி அண்ணன்

கல்லூரி விடுதி, ஏழாம் அறை
ஜூன் 14

அன்புள்ள அக்காவுக்கு,

நான் இங்கே சுகம். நீயும் அப்பாவும் சுகமாக இருக்க வேண்டுமென்று காலையும் மாலையும் கேட்டுக்கொள்கிறேன். வாதத்துக்குப் பிறகு அப்பாவின் வலது கை இப்போது எப்படி இருக்கிறது? ரப்பர் பந்தை அழுத்தும் பயிற்சியை விட்டுவிடப் போகிறார், பார்த்துக்கொள்.

கடைசி வருடம் தொடங்கிவிட்டது. பதினான்கு மாணவர்கள், நான்கு ஆசிரியர்கள், ஒரு சமையல்காரர், இவ்வளவுதான் எங்கள் இறையியல் கல்லூரி. ஆர்மோனியத்தில் போன வருடம் ஒரு கட்டை ஊமை, இப்போது மூன்று. எந்தப் பாட்டானாலும் அந்த இடங்களில் நாங்களே தொண்டையால் இழுத்துச் சமாளிக்கிறோம். சிற்றாலயத்தின் கூரை முன்பக்கம் ஒழுகுகிறது. "நம்ம மெதடிஸ்ட் சபைக்காரன் எப்படியும் பின்வரிசையிலதான் உக்காருவான், கவலைய விடுங்க" என்கிறார் கிரேக்க ஆசிரியர்.

இந்த வருடம் என் அறைக்கு எங்கள் வகுப்பிலேயே மூத்தவர் ஒருவர் வந்திருக்கிறார். வயது முப்பத்தாறு, மனைவியும் இரண்டு பெண் பிள்ளைகளும் ஊரில். ஊழியத்துக்கு வருவதற்கு முன்னால் ரயில்வே யார்டில் பெட்டிகளைக் கோத்துவிடும் வேலை செய்தவர். அதனால் கல்லூரி முழுக்க அவருக்குப் பச்சைக்கொடி அண்ணன் என்றே பெயர். அவர் குறட்டை சரக்கு ரயில் மாதிரிதான், ஆனால் மனிதர் தங்கம்.

வியாழக்கிழமைகளில் மாதிரிப் பிரசங்கம் நடக்கும் என்று முன்பே எழுதியிருக்கிறேன். ஒருவர் இருபது நிமிடம் பிரசங்கிக்க வேண்டும், மற்றவர்கள் அதற்குப் பிறகு ஒரு மணி நேரம் குறை சொல்ல வேண்டும். நாங்கள் அதைத் தோலுரிப்பு என்போம். போன வியாழன் அண்ணனின் முறை. பிள்ளையைப் பறிகொடுத்த ஒரு தகப்பனைப் பற்றிப் பேசினார். சமையல்காரர் கரண்டியோடு வந்து கதவருகே நின்றுவிட்டார். முடிந்ததும் யாரும் வாய் திறக்கவில்லை. முதல்வர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு, "இன்னிக்கு உரிக்க ஒண்ணுமில்ல. போய் சாப்பிடுங்க" என்றார்.

இதை அப்பாவுக்கு வாசித்துக் காட்டு. உடம்பைப் பார்த்துக்கொள்.

உன் தம்பி

•

வீட்டிலிருந்து
ஜூன் 25

பிரியமுள்ள தம்பிக்கு,

உன் கடிதம் வந்தது. நானும் அப்பாவும் இருக்கிற நிலையில் நலமாக இருக்கிறோம். உனக்கு இருமல் போய்விட்டதா?

அப்பாவுக்குக் கை முன்னேற்றமில்லை, வாய் முன்னேறியிருக்கிறது. முப்பத்தைந்து வருடம் ஊருக்கெல்லாம் தபால் கொடுத்தவர் இல்லையா, உன் கவர் வந்தால் முதலில் இடது கையில் வைத்து எடை பார்க்கிறார். "ரெண்டு பக்கம்தான். பையன் சோம்பேறி ஆயிட்டான்." பிறகுதான் வாசிக்க விடுகிறார். சமையல்காரர் கரண்டியோடு நின்ற இடத்தை மூன்று தடவை வாசிக்கச் சொன்னார். கடைசியில், "அதெல்லாம் சரி, நம்ம பையன் பிரசங்கம் எப்போ?" என்றார். எனக்கும் அதே கேள்விதான்.

ஆண்கள் வார்டில் இருபத்தாறு கட்டிலுக்கு நாங்கள் மூன்று நர்ஸ்கள். வேலை முதுகை ஒடிக்கிறது. ஆனாலும் நீ ஆயராகி அங்கி போட்டுக்கொண்டு நிற்பதைப் பார்க்கிற வரைக்கும் அப்பாவை உட்கார வைத்துவிட வேண்டும் என்பதுதான் என் கணக்கு.

நேரத்துக்குச் சாப்பிடு.

அக்கா

•

கல்லூரி விடுதி
ஆகஸ்ட் 2

அன்புள்ள அக்காவுக்கு,

சுகம். உங்கள் சுகத்துக்கு எழுது. பதில் தாமதமானதற்குக் கோபிக்காதே.

என் முறை வந்து போனது. பரவாயில்லை.

போன ஞாயிறு அண்ணனையும் என்னையும் வெளியே ஒரு சிறிய சபைக்கு அனுப்பினார்கள். இரண்டு பஸ் மாறிப் போக வேண்டும். வேதவாசிப்பும் ஜெபமும் நான், பிரசங்கம் அவர். ஆராதனை முடிந்து வாசலில் நின்றோம். அவர் கையைப் பிடிக்க வரிசை நின்றது. ஒரு பெரியவர் விட்ட கையை மறுபடியும் வந்து பிடித்தார். என்னிடமும் ஒரு அம்மா வந்தார், கழிவறை எந்தப் பக்கம் என்று கேட்டார். பஸ்ஸில் இதைச் சொல்லி அண்ணன் சிரித்த சிரிப்பில் கண்டக்டர் திரும்பிப் பார்த்தார். நானும் சிரித்தேன்.

வகுப்பில் ஒரு கேள்வி வந்தது. உன் வேலையில் இப்படி நடந்திருக்கும் என்று நினைக்கிறேன். ஒரு நோயாளி உன்னை நம்பி, உன்னிடம் மட்டும், தனக்கு ஒரு நோய் இருக்கிறதென்று சொல்கிறார். டாக்டரிடம் சொல்லாதே என்று கேட்டுக்கொள்கிறார். வெளியே பார்க்க ஆரோக்கியமாக இருக்கிறார், ஆனால் அவரால் மற்றவர்களுக்கும் அது தொற்றலாம். நீ என்ன செய்வாய்? சொல்வாயா, மறைப்பாயா? உடனே எழுது.

அப்பாவுக்கு என் அன்பு.

உன் தம்பி

•

வீட்டிலிருந்து
ஆகஸ்ட் 9

பிரியமுள்ள தம்பிக்கு,

இங்கே சுகம். உடனே எழுது என்றாய், அதனால் டியூட்டி முடிந்து காலணியைக் கூடக் கழற்றாமல் எழுதுகிறேன்.

இதில் யோசிக்க என்ன இருக்கிறது? சொல்வேன். கட்டாயம் சொல்வேன். போன வருடம் ஒரு லேத்து பட்டறைக்காரர் கால் முறிவுக்காக வந்து படுத்திருந்தார். தலையணைக்கு அடியில் ரத்தம் பட்ட கைக்குட்டை. இருமலில் வருகிறது. "சிஸ்டர், உங்க காலைத் தொட்டுக் கேக்கறேன், வெளிய சொல்லாதீங்க. பட்டறைல சேத்துக்க மாட்டாங்க" என்றார். பத்து நிமிடத்தில் டாக்டரிடம் சொன்னேன். இரண்டு வாரம் என் முகத்தைப் பார்த்துப் பேசவில்லை. ஆனால் பிழைத்தார், பக்கத்துக் கட்டில்காரரும் தப்பித்தார். நம்பிக்கை, வாக்கு எல்லாம் அப்புறம். முதலில் மூச்சு.

வகுப்பில் இப்படிச் சொல்லு, நல்ல மார்க் போடுவார்கள். அப்பா கேட்கிறார்: பரவாயில்லை என்றால் நன்றாக இருந்ததா, இல்லையா?

அக்கா

•

கல்லூரி விடுதி
அக்டோபர் 4

அன்புள்ள அக்காவுக்கு,

நலம். நீங்களும் நலம் என்று நம்புகிறேன். எழுத நேரம் கிடைக்கவில்லை.

மழை விடாமல் பெய்கிறது. நூலகத்தில் கீழ்த்தட்டுப் புத்தகங்களை மேலே ஏற்றினோம். கிரேக்கத் தேர்வு டிசம்பருக்குத் தள்ளிப் போயிருக்கிறது. ஆர்மோனியத்தைப் பழுதுபார்க்க ஒருவர் வந்தார், உள்ளே எலிக் குடும்பம் ஒன்று இருந்ததாம். அறையில் இப்போது நான் மட்டும்தான். அண்ணன் போன மாதக் கடைசியில் ஊருக்குப் போய்விட்டார். குடும்பச் சூழ்நிலை என்று சொல்கிறார்கள். சமையல்காரருக்குப் பல் வலி, அதனால் ஒரு வாரம் எல்லோருக்கும் கஞ்சி.

அப்பாவுக்கு ஒரு நல்ல செய்தி. வருட இறுதி ஆராதனையில் கடைசி வருட மாணவர்கள் சார்பாகப் பிரசங்கம் செய்ய என்னைத் தேர்ந்தெடுத்திருக்கிறார்கள்.

பருவம் மாறுவதால் எனக்குச் சாப்பாடு சரியாக இறங்கவில்லை. வேறொன்றுமில்லை.

உன் தம்பி

•

வீட்டிலிருந்து
அக்டோபர் 30

பிரியமுள்ள தம்பிக்கு,

இங்கே இருவரும் சுகம். நீ சுகமில்லை என்று தெரிகிறது. நீயே இன்னொரு கடிதம் போடுவாய் என்று மூன்று வாரம் காத்திருந்தேன். வரவில்லை.

அப்பாவுக்கு உன் பிரசங்கச் செய்தியை வாசித்தேன். பால்காரர், எதிர்வீட்டுக்காரர், ஊசி போட வந்த என் தோழி, ஒருவர் பாக்கியில்லாமல் சொல்லிவிட்டார். அது ஒரு பக்கம்.

வார்டில் நான் கற்றுக்கொண்ட ஒன்றைச் சொல்கிறேன். எங்கே வலிக்கிறது என்று கேட்டால், வலிக்காத இடத்தையெல்லாம் முதலில் காட்டுகிறவர்தான் பெரிய கஷ்டத்தோடு வந்திருப்பார். உன் கடிதம் அப்படித்தான் இருந்தது. மழை, புத்தகம், எலி, பல் வலி. நடுவில் ஒளித்து வைத்த மாதிரி ஒரு வரி, அண்ணன் போய்விட்டார். குடும்பச் சூழ்நிலை என்று "சொல்கிறார்கள்" என்றால் யார்? நீ அவரோடு ஒரே அறையில் இருந்தவன். உனக்குத் தெரியாதா? ஒரு வருடம் கூடப் பாக்கியில்லாத மனிதர் ஏன் பாதியில் போனார்?

நேராகவே கேட்கிறேன். ஆகஸ்டில் நீ கேட்டாயே, அந்த நோயாளி யார்?

அக்கா

•

கல்லூரி விடுதி
நவம்பர் 16

அக்கா,

இந்தக் கடிதத்தை அப்பாவுக்கு வாசிக்காதே.

ஜூலையில் ஒரு சனிக்கிழமை மத்தியானம், கிணற்றடியில் துணி துவைத்துக்கொண்டிருந்தோம். நான்தான் ஆரம்பித்தேன். "அண்ணே, எப்படி உங்களுக்கு மட்டும் இப்படிப் பேச வருது?" என்று கேட்டேன். அவர் சட்டையைப் பிழிந்து உதறினார். பிறகு சொன்னார்:

"தம்பி, யார்டுல இஞ்சின் ரொம்ப தூரத்துல நிக்கும். டிரைவர் மூஞ்சி தெரியாது. அவரு பாத்துக்கிட்டிருக்காருன்னு நம்பித்தான் கொடி காட்டுவோம். நானும் வருஷக்கணக்கா காட்டிக்கிட்டே இருக்கேன். அங்க டிரைவரே இல்லைன்னு தோணுது."

எனக்குப் புரியவில்லை. "ஜெபம் பண்றீங்களே?" என்றேன்.

"பண்றேன். யாரும் கேக்கலைன்னு தெரிஞ்சே பண்றேன்."

"அப்போ பிரசங்கம்?"

"கேக்க வர்றவங்களுக்கு நம்பிக்கை இருக்குதே, அது நிஜம்தானே? அவங்களுக்காக பண்றேன். செத்த வீட்டுல போய் உக்காரத் தெரியும் எனக்கு. ஆஸ்பத்திரியில கையைப் பிடிச்சுக்கத் தெரியும். அதுக்கு ஆள் வேணும் இல்லையா? யார்கிட்டயும் சொல்லிடாதே. உன்கிட்ட தான் சொல்லியிருக்கேன்."

சொல்ல மாட்டேன் என்று சொன்னேன். பத்து நாள் தூங்கவில்லை. உனக்கு எழுதினேன். உன் பதில் வந்த அன்று சாயங்காலமே முதல்வரிடம் போனேன். உன் கடிதத்தையும் கையில் கொண்டு போயிருந்தேன், அக்கா. அவரிடம் காட்டினேன்.

முதல்வர் கெட்டவர் இல்லை. "நல்ல காரியம் செஞ்சே. அவருக்கு உதவத்தான் போறோம். இது இந்த அறையை விட்டு வெளியே போகாது" என்றார். அவர் நிர்வாகக் குழுவில் இருவரிடம் இரகசியமாக ஆலோசனை கேட்டார். அவர்கள் குழுவிடம் இரகசியமாகச் சொன்னார்கள். குழு அண்ணனுடைய ஊர் ஆயருக்கு இரகசியமாக எழுதியது. எல்லோரும் இரகசியமாகத்தான் சொன்னார்கள். செப்டம்பர் இருபத்தாறாம் தேதி காலையில் அவரைக் கூப்பிட்டு, நீங்களாகவே விலகிக்கொண்டால் உங்களுக்கு நல்லது என்றார்கள்.

என் பெயரை யாரும் சொல்லவில்லையாம். என்னைத் தைரியப்படுத்துவதற்காக முதல்வர் இதைச் சொன்னார். அறைக்கு வந்தேன். அண்ணன் படுக்கையைச் சுருட்டிக் கயிறு கட்டிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்து, "தம்பி, அந்த ஜன்னல் கொக்கி நிக்காது. மழை அடிச்சா துணி வெச்சு அடைச்சுக்க" என்றார். அவ்வளவுதான். நான் பெட்டியைப் பஸ் நிறுத்தம் வரை தூக்கிக்கொண்டு போனேன்.

உன் தம்பி

•

வீட்டிலிருந்து
நவம்பர் 22

தம்பி,

சுகம் விசாரிக்க இன்று மனம் வரவில்லை. அப்பா நன்றாக இருக்கிறார். கவரைக் கையில் வைத்துப் பார்த்துவிட்டு, "கனமா இருக்கே, வாசி" என்றார். நான் மழையையும் தேர்வையும் பற்றி என் மனதிலிருந்து வாசித்தேன். "இவ்வளவு கனத்துக்கு இவ்வளவுதானா?" என்று கேட்டுவிட்டுத் திரும்பிப் படுத்துக்கொண்டார். உன்னால் நானும் பொய் வாசிக்கக் கற்றுக்கொண்டேன்.

என் கடிதத்தை முதல்வரிடம் காட்டினாயா? நான் எழுதியது நுரையீரலைப் பற்றி. ஒரு மனிதரின் மனதைப் பற்றி நீ கேட்டிருந்தால் நான் காலணியைக் கழற்றிவிட்டு யோசித்திருப்பேன். நீ வேண்டுமென்றேதான் அப்படிக் கேட்டாய். பதில் என்ன வரும் என்று தெரிந்து கேட்டாய்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். இது உனக்கு வலிக்கும். உன் பழைய கடிதங்களை எடுத்துப் படித்துப் பார்த்தேன். அவர் பிரசங்கத்தைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறாய். உன்னுடையதைப் பற்றி ஒரு சொல், பரவாயில்லை. வருட இறுதிப் பிரசங்கம் அவர் இருந்திருந்தால் யாருக்குப் போயிருக்கும்? எனக்குப் பதில் எழுத வேண்டாம். உனக்கே சொல்லிக்கொள்.

இப்போது அவர் என்ன செய்கிறார்? சாப்பாட்டுக்கு என்ன வழி? நீ கேட்டாயா? பஸ் ஏறு. அவர் வீட்டு வாசலில் போய் நில். திட்டினால் வாங்கிக்கொள். தேர்வு எங்கேயும் ஓடிப்போகாது.

அக்கா

•

கல்லூரி விடுதி
ஜனவரி 11

அக்காவுக்கு,

நீயும் அப்பாவும் எப்படி இருக்கிறீர்கள்? நான் இருக்கிறேன்.

நான் போகவில்லை. டிசம்பரில் கிரேக்கத் தேர்வு. அது முடிந்ததும் சபை ஊழியம் என்று பத்து நாள். பிறகு காய்ச்சல். எல்லாம் உண்மைதான், எல்லாம் சாக்குதான். நீ கேட்டதற்கும் எனக்கே பதில் சொல்லிக்கொண்டேன். ஆமாம், அக்கா. அவர் பேசி முடித்து எல்லோரும் வாயடைத்து உட்கார்ந்திருந்த அந்த வியாழக்கிழமையிலிருந்தே எனக்குள் அது இருந்தது. முதல்வர் அறைக்குப் படியேறும்போது, சபையைக் காப்பாற்றப் போகிறேன் என்று நினைத்துக்கொண்டே ஏறினேன்.

ஆறாம் தேதி காலை வகுப்பில் இருந்தோம். அலுவலகத்திலிருந்து ஆள் வந்து முதல்வரை வெளியே கூப்பிட்டார். திரும்பி வந்தவர் மேசையைப் பிடித்துக்கொண்டு நின்றார். பச்சைக்கொடி அண்ணன் இறந்துவிட்டார்.

நவம்பரில் அவரைப் பழைய யார்டிலேயே தினக்கூலியாக எடுத்திருக்கிறார்கள். மழையில் இரண்டு பெட்டிகளுக்கு நடுவே கோக்கப் போனவர் வழுக்கிச் சிக்கிக்கொண்டார். அடக்கத்துக்குக் கல்லூரியிலிருந்து ஒருவர் போக வேண்டும் என்றார்கள். கூட இருந்தவன் என்று என்னை அனுப்பினார்கள்.

ரயில்வே குடியிருப்பில் ஒரே மாதிரி வீடுகள். அவருடைய வீட்டு வாசலில் யார்டு ஆட்கள் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார்கள். வயதான மேஸ்திரி ஒருவர் என்னிடம், "நாலு வருஷம் விட்டுப்போன வேலை, சார். கைக்கு எல்லாம் ஞாபகம் இருந்துச்சு. காலுக்கு மறந்துபோச்சு" என்றார். சொல்லிவிட்டு அழுதார். சவப்பெட்டியைத் திறக்க விடவில்லை. அந்த ஊர் ஆயர் ஆராதனையை அவசரமாக முடித்தார். நான் ஒரு ஜெபம் செய்தேன். என்ன சொன்னேன் என்று நினைவில்லை.

கல்லறையிலிருந்து திரும்பும்போது அண்ணனின் மனைவி என்னிடம் வந்தார். பெரியவளுக்கு ஒன்பது வயது, சின்னவளுக்கு ஆறு. இரண்டு பேரும் அவர் சேலையைப் பிடித்துக்கொண்டிருந்தார்கள். அண்ணனின் அம்மா பக்கத்திலேயே நின்றார்.

"ஏழாம் அறை தம்பி நீங்கதானே? உங்களைப் பத்தி சொல்லுவாரு. உங்ககூட துணி துவைச்சதுலேர்ந்து எல்லாம்" என்றார்.

"அண்ணன் என்னைப் பத்தி என்ன சொன்னாரு, அண்ணி?"

"நல்லாத்தான் சொன்னாரு."

தேநீர் கொடுத்தார். குடித்துவிட்டுப் பஸ் ஏறி வந்துவிட்டேன்.

உன் தம்பி

•

வீட்டிலிருந்து
ஜனவரி 18

தம்பி,

அந்தப் பிள்ளைகளை நினைத்துக்கொண்டே வேலைக்குப் போய் வருகிறேன். பட்டறைக்காரர் போன வாரம் காலுக்கு மறு பரிசோதனைக்கு வந்திருந்தார். என்னைப் பார்த்துக் கும்பிட்டார். எனக்கு அவரைப் பார்க்கவே கஷ்டமாக இருந்தது.

உன்னைத் திட்ட எனக்கு வாய் வரவில்லை. உன் கடிதத்தை நான் எழுதிய பதிலோடு சேர்த்துத்தான் தூக்கிப் பார்க்க வேண்டியிருக்கிறது.

ஒரே ஒரு கேள்வி. அண்ணன் மனைவியிடம் உண்மையைச் சொன்னாயா? சொல்லியிருந்தால் எழுதியிருப்பாய்.

சாப்பிடாமல் இருக்காதே. அப்பா உன்னைக் கேட்டதாகச் சொல்லச் சொன்னார்.

அக்கா

•

கல்லூரி விடுதி
மார்ச் 2

அன்புள்ள அக்காவுக்கு,

அப்பா தடியில்லாமல் நான்கு அடி நடந்தார் என்று எழுதியிருந்தாய். இரண்டு மாதத்தில் எனக்குக் கிடைத்த ஒரே நல்ல வார்த்தை அது.

போன சனிக்கிழமை அண்ணன் வீட்டுக்குப் போனேன். பிள்ளைகள் பள்ளிக்கூட விளையாட்டுக்குப் போயிருந்தார்கள், மாமியார் பக்கத்து வீட்டில். அண்ணனின் மனைவி தையல் மிஷினில் உட்கார்ந்து யாருக்கோ ஜாக்கெட் தைத்துக்கொண்டிருந்தார். நான் உட்காரவில்லை. நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன். கிணற்றடி, உனக்கு எழுதிய கடிதம், முதல்வரின் அறை. எனக்கிருந்த பொறாமையையும் சொன்னேன். அவர் மிஷினை நிறுத்தவில்லை. ஒரு தையல் முடிந்து நூலைக் கடித்த பிறகுதான் நிமிர்ந்து பார்த்தார்.

"இது நீங்க சொல்லித்தான் எனக்குத் தெரியணுமா? அவரு ஒரே ஒருத்தர்கிட்ட தானே சொன்னாரு. எனக்கு எண்ணத் தெரியாதா?"

"அண்ணனுக்கும் தெரியுமா?"

"தெரியாம? பெட்டியைத் தூக்கிட்டு பஸ் வரைக்கும் வந்தீங்களாமே. 'பாவம், பையன் முகமே சரியில்ல'ன்னாரு."

நான் அழுதேன், அக்கா. அவர் தண்ணீர் கூடக் கொடுக்கவில்லை. நான் அடங்குகிற வரைக்கும் காத்திருந்தார்.

"அவருக்கு நம்பிக்கை போயிடுச்சுன்னு எனக்கு எப்போ தெரியும்னு நினைக்கிறீங்க? சின்னவ பொறந்த வருஷம். ரெண்டு வருஷம் கழிச்சு, நாலு பேருக்கு உபயோகமா இருக்கணும்னு படிக்கப் போறேன்னாரு. போங்கன்னு நான்தான் அனுப்பி வெச்சேன். ஆறு வருஷம். நான் யார்கிட்டயும் சொல்லல."

மன்னிப்புக் கேட்டேன். அவர் தலையை ஆட்டினார், ஆமாம் என்றும் இல்லை, இல்லை என்றும் இல்லை.

"மன்னிப்பு எல்லாம் எனக்குத் தெரியாது, தம்பி. நீங்க இப்போ இதை சொல்லிட்டீங்க, உங்களுக்கு லேசாயிடுச்சு. அவரும் உங்ககிட்ட சொல்லி லேசாகணும்னுதான் நினைச்சாரு. அவங்கம்மாவுக்கு ஒண்ணும் தெரியாது. நெஞ்சுவலி, அதனால திரும்பி வந்துட்டாருன்னு சொல்லி வெச்சிருக்கேன். என் பிள்ளைங்களுக்கும் தெரிய வேண்டாம். குழுவுல இருக்கிற பெரிய மனுஷங்க வாயை நான் கட்ட முடியாது. உங்க வாயைக் கட்டுவேன். இனிமே யார்கிட்டயும் சொல்லி அழக்கூடாது. பிரசங்கத்துல உதாரணமா எடுக்கக்கூடாது. புரியுதா?"

"என் அக்காவுக்குத் தெரியும்" என்றேன்.

"அவங்களோட நிக்கட்டும்."

நவம்பரில் நான் எழுதிய கடிதத்தைக் கிழித்துவிடு. இதையும். வருட இறுதிப் பிரசங்கத்தை வேறு ஒருவருக்குக் கொடுக்கச் சொல்லிவிட்டேன். எனக்குத் தொண்டை கட்டிவிட்டது என்று அப்பாவிடம் சொல்.

உன் தம்பி

•

ரயில்வே குடியிருப்பு ஆலய வீடு
ஜூன் 20

அன்புள்ள அக்காவுக்கு,

இங்கே வந்து பன்னிரண்டு நாள் ஆகிறது. உடம்புக்குக் குறைவில்லை. அப்பா பட்டாபிஷேகத்துக்குப் போகிற மாதிரி புதுச்சட்டையோடு உட்கார்ந்து என் அங்கியைத் தொட்டுப் பார்த்தது கண்ணிலேயே நிற்கிறது. திரும்பிப் போகும் வழியில் களைத்துப்போனாரா?

அனுப்பும் இடங்களின் பட்டியலை வாசித்தபோது, இந்த ஊரின் பெயரோடு என் பெயரும் வந்தது. பழைய ஆயர் ஓய்வுபெற்றுவிட்டார், காலியாக இருந்த இடம் இது ஒன்றுதான். முதல்வரிடம் போய், இந்த ஒரு ஊர் மட்டும் வேண்டாம் என்றேன். "காரணம் சொல்லு, குழுகிட்ட பேசுறேன்" என்றார். காரணத்தில் பாதி அவருக்கே தெரியும். மீதியைச் சொல்ல எனக்கு உரிமையில்லை. ஒன்றுமில்லை, போகிறேன் என்று சொல்லிவிட்டு வந்தேன். உனக்கு எழுதினேன், நீ ஒரு கார்டில் "போ" என்று ஒரே எழுத்தைப் போட்டு அனுப்பினாய்.

போன ஞாயிறு என் முதல் ஆராதனை. ஐம்பது பேர் இருக்கும். பாதிப்பேர் யார்டு ஆட்கள். அண்ணனின் மனைவி மூன்றாவது பெஞ்சில் இரண்டு பிள்ளைகளோடும் மாமியாரோடும் உட்கார்ந்திருந்தார். என் பிரசங்கத்தைப் பற்றி அப்பா கேட்டால், சுமாராக இருந்தது என்று சொல். அதுதான் உண்மை. பின்வரிசையில் ஒருவர் தூங்கினார். நடுவில் சரக்கு வண்டி ஒன்று போனது. அது முழுக்கப் போகிற வரைக்கும் நிறுத்திக் காத்திருக்க வேண்டும் என்று எனக்குத் தெரியாது. கத்திப் பேசினேன். எல்லோரும் பாவம் என்று பார்த்தார்கள்.

முடிந்து எல்லோரும் போன பிறகு அண்ணனின் அம்மா பெஞ்சைப் பிடித்துப் பிடித்து என்னிடம் நடந்து வந்தார். அண்ணனின் மனைவி பின்னால் பாட்டுப் புத்தகங்களைச் சேகரித்து அடுக்கிக்கொண்டிருந்தார். அந்த அம்மா என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார்.

"என் பையன்கூடப் படிச்ச ஐயா நீங்கதானா?"

"ஆமாம்மா. ஒரே அறை."

"நெஞ்சுவலின்னு படிப்பை விட்டுட்டு வந்துட்டான். வந்ததுலேர்ந்து பேச்சே கொறைஞ்சுபோச்சு. கோயிலுக்கு வருவான், வாயே தெறக்க மாட்டான். எனக்கு அது ஒண்ணுதான், ஐயா, உறுத்திக்கிட்டே இருக்கு. அங்க இருந்தப்போ ஒழுங்கா ஜெபம் பண்ணுவானா?"

புத்தகம் அடுக்கும் சத்தம் நின்றது. நான் திரும்பிப் பார்க்கவில்லை.

"தினமும் பண்ணுவார்மா. நான் எந்திரிக்கிறதுக்கு முன்னாடியே முழங்கால்ல இருப்பாரு. ஒருநாள்கூட விட்டதில்ல. நான் என் கண்ணால பாத்திருக்கேன்."

அந்த அம்மா என் கைகளைத் தன் கண்ணில் வைத்துக்கொண்டார். ஈரமாக இருந்தது. "போதும், ஐயா. இது போதும் எனக்கு" என்றார்.

நான் சொன்னதில் ஒரு சொல் கூடப் பொய்யில்லை, அக்கா. அவர் அப்படித்தான் தினமும் முழங்காலில் இருந்தார். கொஞ்ச நேரம் கழித்துப் பின்னால் புத்தகங்கள் ஒவ்வொன்றாக அடுக்கப்படும் சத்தம் மறுபடியும் கேட்டது. மாமியாரைக் கைத்தாங்கலாக அழைத்துப் போகும்போது அவர் மனைவி வாசலில் நின்று, "வர்ற ஞாயிறு வண்டி பத்தே காலுக்குப் போகும். அப்போ பாட்டு வெச்சுக்கங்க" என்று சொல்லிவிட்டுப் போனார்.

அப்பாவின் கைப்பயிற்சியை விட வேண்டாம். உன் முதுகு வலிக்கு என்ன செய்கிறாய் என்று எழுது.

உன் தம்பி